பேச்சுப் பயிற்சி: வேலூர் வட்டாரத்தில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பதினான்கு ஆண்டுகளாக வேலூரில் பேச்சுப் பயிற்சி கொடுத்து வருகிறேன். என் அறைக்கு வெளியே ஒரு மர பெஞ்சு கிடக்கிறது. குடியாத்தத்துப் பாட்டி, ஆம்பூரில் தோல் தொழிற்சாலைக்குப் போகிறவரின் மனைவி, அணைக்கட்டிலிருந்து பேரனை இடுப்பில் தூக்கி வரும் தாத்தா என்று எல்லோரும் அதில் உட்கார்ந்துவிட்டுத்தான் உள்ளே வருவார்கள். ஊர் வேறு, வயது வேறு. கேள்விகள் மட்டும் ஏறக்குறைய அவையேதான். அவற்றைக் கேட்டவர்கள் கேட்டபடியே, பேச்சு வழக்கை மட்டும் எழுத்து வழக்காக்கி, கீழே கொடுத்திருக்கிறேன்.

ஸ்பீச் தெரபி என்றால் நாக்குக்குக் கொடுக்கும் பயிற்சிதானே?

உள்ளே வந்ததும் பலர் முதலில் செய்வது, குழந்தையின் தாடையைப் பிடித்து "நாக்கை நீட்டிக் காட்டு கண்ணு" என்பதுதான். நாக்கின் மேல் அவ்வளவு சந்தேகம். பாவம், பெரும்பாலும் அது எந்தத் தப்பும் செய்திருக்காது. ஒரு சொல் வெளியே வருவதற்கு முன் காது அதைப் பலமுறை கேட்டிருக்க வேண்டும். மூளை அதற்குப் பொருள் பிடித்திருக்க வேண்டும். சொல்ல வேண்டும் என்ற ஆசை பிறந்திருக்க வேண்டும். எதிரில் ஒருவர் பொறுமையாகக் கேட்கவும் வேண்டும். இத்தனைக்கும் பிறகுதான் நாக்குக்கு வேலை.

அதனால் இந்தத் துறை நீங்கள் நினைப்பதைவிடப் பெரியது. பேச்சுத் தாமதம், உச்சரிப்புக் கோளாறு, திக்குதல், ஆட்டிசம், காது கேளாமை, அண்ணப் பிளவு, ஆசிரியர்களுக்கு வரும் குரல் கம்மல், பக்கவாதத்துக்கும் தலைக்காயத்துக்கும் பிறகு வரும் பேச்சிழப்பு எல்லாமே இதில் வரும். விழுங்குவதில் உள்ள சிக்கலும் எங்களிடம்தான் வரும் என்பது பலருக்குத் தெரியாது.

பையனுக்கு இரண்டரை வயது ஆகிறது. இன்னும் பேசவில்லை. அவனுடைய அப்பாவும் மூன்று வயதில்தான் பேசினாராம். காத்திருக்கலாமா?

அப்பா தாமதமாகப் பேசினார் என்பது உண்மையாக இருக்கலாம். தாமதம் சில குடும்பங்களில் வரத்தான் செய்கிறது, அப்படிப்பட்ட பிள்ளைகளில் பலர் தாமாகவே எட்டிப் பிடித்தும் விடுகிறார்கள். யார் எட்டிப் பிடிப்பார், யார் மாட்டார் என்பதை இரண்டரை வயதில் யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது. வந்து பார்த்து ஒன்றும் இல்லை என்று தெரிந்தால் ஒரு நாள் பஸ் செலவோடு போகும். வராமல் இருந்து ஏதாவது இருந்துவிட்டால், மூளை மொழியை வேகமாகப் பிடிக்கும் வயது கைவிட்டுப் போகும்.

பொதுவான கணக்கு இது. ஒரு வயதுக்குள் "பாபா, தாதா" என்று மழலை வர வேண்டும், விரலை நீட்டிக் காட்ட வேண்டும், டாடா சொல்லிக் கை அசைக்க வேண்டும். ஒன்றேகால் ஒன்றரை வயதில் பொருளோடு தனிச் சொற்கள் வர வேண்டும். இரண்டு வயதில் "அம்மா வா", "பால் வேணாம்" என்று இரண்டு சொல் சேர வேண்டும். ஏற்கெனவே வந்த சொற்கள் எந்த வயதிலாவது மறைந்து போனால், அதற்குக் காத்திருப்பே கூடாது.

சொல்லின் எண்ணிக்கையைவிட நான் முதலில் பார்ப்பது வேறு. பேரணாம்பட்டிலிருந்து வந்த ஒரு சிறுமி, என் மேஜை மேலிருந்த பிஸ்கட் டப்பாவைக் கண்டதும் அம்மாவின் மணிக்கட்டைப் பிடித்து இழுத்து, அந்தக் கையை டப்பாவின் மேல் வைத்தாள். அம்மாவின் முகத்தை ஒருமுறைகூடப் பார்க்கவில்லை. அதே டப்பாவைப் பார்த்த இன்னொரு குழந்தை ஒரு சொல்லும் பேசாமல் விரலை நீட்டி, அம்மாவைத் திரும்பிப் பார்த்து, "ம்?" என்றது. இரண்டு பேருக்கும் பேச்சு இல்லை. ஆனால் இரண்டும் வேறு வேறு கதைகள்.

அவனுக்குக் காது நன்றாகக் கேட்கிறது. டிவியில் விளம்பரம் வந்தால் எங்கிருந்தாலும் ஓடி வருகிறான். எதற்குக் காதுப் பரிசோதனை?

விளம்பரச் சத்தமும் மேளச் சத்தமும் கேட்கும், 'ச', 'த', 'ஸ' போன்ற மெல்லிய ஒலிகள் கேட்காது என்ற நிலை உண்டு. அந்தக் குழந்தைக்குப் பேச்சு பாதி எழுத்துகள் அழிந்த பஸ் பலகைபோல வந்து சேரும். சளி பிடித்துக் காதுக்குள் நீர் கட்டிக்கொண்டாலும் மாதக்கணக்கில் மந்தமாகவே கேட்கும். அதனால் பேச்சு வரவில்லை என்று யார் வந்தாலும் முதல் வேலை காதுப் பரிசோதனைதான். குழந்தை பதில் சொல்ல வேண்டியதில்லை, தூங்கும்போதே செய்துவிடலாம். ஓ.ஏ.இ., பெரா என்று சீட்டில் எழுதியிருப்பது இதைத்தான்.

தாய்மாமன், அத்தை மகன் என்று சொந்தத்தில் மணம் முடித்த குடும்பங்களில் பிறவிக் காது கேளாமை கூடுதலாக வருகிறது. இதைச் சொன்னால் சிலர் முகம் சுளிக்கிறார்கள். குற்றம் சொல்வதற்காகச் சொல்லவில்லை. அடுத்த குழந்தைக்குப் பிறந்த உடனேயே பரிசோதனை செய்துவிடலாம் என்பதற்காகத்தான்.

மாமியார் வசம்பு சுட்டுத் தேனில் குழைத்து நாக்கில் தடவச் சொல்கிறார். பக்கத்து வீட்டில் நாக்கின் அடியில் இருக்கும் நரம்பை வெட்டச் சொல்கிறார்கள். எதைச் செய்வது?

வசம்புக்குப் 'பிள்ளை வளர்ப்பான்' என்றே பெயர் உண்டு. அதைத் தடவிய வீடுகளில் பிள்ளைகள் பேசினார்கள். தடவாத வீடுகளிலும் பேசினார்கள். அது பேச்சைக் கொண்டுவராது. தேன் விஷயத்தில் மட்டும் கண்டிப்பாகச் சொல்கிறேன்: ஒரு வயதுக்குள் தேன் கொடுக்கவே கூடாது. அதில் இருக்கக்கூடிய ஒருவகைக் கிருமி கைக்குழந்தையின் தசைகளைச் செயலிழக்கச் செய்யும் நச்சை உண்டாக்கலாம். மாமியாரிடம் இதை மருமகள் சொன்னால் எடுபடாது என்பதால், அடுத்த முறை அவரையும் அழைத்து வாருங்கள், நான் சொல்கிறேன்.

நாக்கின் அடியில் இருப்பது நரம்பு இல்லை, ஒரு சவ்வு. அது மிகக் குட்டையாக இருந்தால் பால் குடிப்பது சிரமமாகலாம், 'ல', 'ர' போன்ற சில ஒலிகள் தடுமாறலாம். அப்போது மருத்துவர் பார்த்து வெட்டச் சொல்வார். ஆனால் பேச்சே வராத குழந்தைக்கு அதை வெட்டிப் பேச்சு வந்ததை நான் பார்த்ததில்லை. முதல் பதிலில் சொன்ன அதே கதைதான்.

வீட்டில் உருது, தெருவில் தமிழ், பள்ளியில் ஆங்கிலம். குழம்பிப்போய்த்தான் பேசாமல் இருக்கிறாளா?

இல்லை. வாணியம்பாடி, மேல்விஷாரம் பக்கம் உருதுவும், ஆந்திர எல்லையோரம் தெலுங்கும் வீட்டு மொழியாக இருக்க, தமிழையும் சேர்த்துப் பேசியே தலைமுறைகள் வளர்ந்திருக்கின்றன. இரண்டு மொழி கேட்பதால் பேச்சுத் தாமதம் வருவதில்லை. தாமதம் இருந்தால் அது இரண்டு மொழியிலும் இருக்கும். சொற்களை எண்ணும்போது இரண்டு மொழியையும் சேர்த்தே எண்ண வேண்டும்.

"பள்ளியில் சேர்க்கப் போகிறோம், இனி ஆங்கிலத்திலேயே பேசுங்கள்" என்று யாரோ சொன்னதைக் கேட்டு, அம்மா தனக்குச் சரளமாக வராத மொழியில் நாளுக்கு நான்கு கட்டளை மட்டும் சொல்லும் வீடுகளைப் பார்க்கிறேன். "கம்", "சிட்", "ஈட்". பிள்ளைக்கு அதில் பிடித்துக்கொள்ள என்ன இருக்கிறது? உங்களுக்குக் கோபமும் கொஞ்சலும் எந்த மொழியில் தானாக வருகிறதோ, அதில் பேசுங்கள்.

கைப்பேசியைக் கொடுத்ததால்தான் இப்படி ஆகிவிட்டதா?

ஆட்டிசமோ காது கேளாமையோ கைப்பேசியால் வருவதில்லை. அந்தக் குற்ற உணர்வை விட்டுவிடுங்கள். ஆனால் கைப்பேசி ஓடும் நேரத்தில் யாரும் யாரோடும் பேசுவதில்லை. அது பாடும், குழந்தையின் பதிலுக்குக் காத்திருக்காது. சோறு ஊட்டும்போது அதை எடுத்து வைத்தால் முதல் நான்கைந்து நாள் வீடே அதிரும். பிறகு அடங்கும்.

மூன்றரை வயதில் திடீரென்று திக்குகிறான். "நிதானமாகச் சொல்" என்று சொல்லிக்கொண்டே இருக்கிறோம். சரிதானே?

அதைத்தான் முதலில் நிறுத்த வேண்டும். இரண்டு முதல் ஐந்து வயதுக்குள் தொடங்கும் திக்குதல், நான்கில் மூன்று குழந்தைகளுக்குத் தானாகவே மறைந்துவிடுகிறது. "நிதானமாகச் சொல்", "மூச்சை இழுத்துச் சொல்" என்பதெல்லாம் அவனுக்குக் கேட்பது "நீ பேசுவது தப்பு" என்றுதான். அவன் சொல்ல வந்ததைக் கேளுங்கள், சொல்லை நீங்கள் முடித்துக் கொடுக்காதீர்கள், உங்கள் பேச்சின் வேகத்தைக் குறையுங்கள்.

ஆறு மாதத்துக்கு மேல் நீடித்தாலோ, குடும்பத்தில் வேறு யாருக்காவது இருந்தாலோ, சொல் சிக்கும்போது கண்ணை இறுக்கி மூடினாலோ அழைத்து வாருங்கள். பெரியவர்களும் வரலாம். முப்பது வயதில், பெண் பார்க்கப் போவதற்கு முந்தைய வாரம் வந்தவர்கள் உண்டு. ஒரு வாரத்தில் ஒன்றும் ஆகாது என்பதை அவர்களிடம் சொல்வது எனக்குக் கஷ்டமான வேலை.

'ரயில்' என்பதை 'லயில்' என்கிறாள், 'பழம்' என்பதைப் 'பயம்' என்கிறாள். இரண்டும் ஒரே குறைதானா?

வயது மூன்றரை என்றால் 'லயில்' குறையே இல்லை. 'ர', 'ற', 'ழ' எல்லாம் கடைசியாக வந்து சேரும் ஒலிகள். அந்நியர் கேட்டாலும் நான்கு வயதில் பேச்சு பெரும்பாலும் புரிய வேண்டும். ஆறு ஏழு வயதிலும் 'லயில்' நின்றால் பயிற்சி கொடுக்கலாம்.

'பயம்' விஷயத்தில் வீட்டில் தாத்தா எப்படிச் சொல்கிறார் என்று முதலில் கேட்டுப் பாருங்கள். வட மாவட்டங்களில் 'வாயப்பயம்' என்பது வழக்கு. தாத்தாவுக்குப் பயிற்சி தேவையில்லை என்றால் பேத்திக்கும் தேவையில்லை.

ஆட்டிசம் என்று சொல்லிவிட்டார்கள். படத்தைக் காட்டிக் கேட்கப் பழக்கச் சொல்கிறீர்கள். அதற்குப் பழகிவிட்டால் வாயைத் திறக்கவே மாட்டானே?

இந்தப் பயம் எல்லாப் பெற்றோருக்கும் வருகிறது. ஆனால் படமோ சைகையோ பேச்சை அடைப்பதில்லை. தண்ணீர்ப் படத்தைக் கொடுத்தால் தண்ணீர் வருகிறது என்று பிடிபட்டால், 'கேட்டால் கிடைக்கும்' என்ற எண்ணம் அவனுக்குள் விழுகிறது. பேச்சின் வித்தே அதுதான். தலையை முட்டிக்கொள்வதும் கடிப்பதும் பல பிள்ளைகளுக்கு அதன்பின் குறைகிறது. பேச்சு வருகிற பிள்ளைகள் படத்தைத் தாமே கைவிடுகிறார்கள். வராத பிள்ளைகளுக்கு வாழ்நாள் முழுவதும் அதுவே வாய்.

"சாப்பிட்டாயா?" என்று கேட்டால் "சாப்பிட்டாயா?" என்றே திருப்பிச் சொல்வதையும் கேலி என்று நினைக்க வேண்டாம். நமக்குச் சொல் சொல்லாகப் பிடிபட்டது, அவனுக்கு முழு வரியாகவே பிடிபடுகிறது. கேள்வி கேட்காமல், அவன் சொல்ல வேண்டிய வரியையே சொல்லிக் கொடுங்கள்: "எனக்குச் சோறு வேண்டும்."

அப்பாவுக்குப் பக்கவாதம் வந்து வலது கை, கால் விழுந்துவிட்டது. பேச்சும் போய்விட்டது. புத்தியும் போய்விட்டதா?

இல்லை. வலப்பக்கம் விழுந்தது என்றால் மூளையின் இடப்பக்கம் அடிபட்டிருக்கிறது. பெரும்பாலோருக்கு மொழி குடியிருப்பதும் அங்கேதான். அதனால் வரும் பேச்சிழப்பை அஃபேசியா என்கிறோம். அவருக்கு உங்களைத் தெரியும், வீட்டுக் கடன் தெரியும், யார் மரியாதை இல்லாமல் பேசுகிறார் என்பதும் தெரியும். சொல் இருக்கும் அலமாரி மட்டும் பூட்டிக்கொண்டிருக்கிறது. சிலருக்குப் புரிதல் நன்றாக இருந்து சொல் வராது. சிலருக்குச் சொல் தாராளமாகக் கொட்டும், பொருள் இருக்காது, நாம் சொல்வதும் சரியாகப் போய்ச் சேராது.

இது குழறலிலிருந்து வேறு. உதடு, நாக்குத் தசைகள் தளர்ந்து, சரியான சொல்லே கொழகொழவென்று வருவது குழறல். இந்தப் பக்கம் முழுவதிலும் நாக்கை உண்மையாகவே குற்றம் சொல்லக்கூடிய இடம் அது ஒன்றுதான்.

இடையில் ஒன்று. யாருக்காவது திடீரென்று வாய் கோணி, கை துவண்டு, பேச்சு குழறினால் சோடா கொடுத்துப் படுக்கவைத்துப் பார்த்துக்கொண்டிருக்காதீர்கள். உடனே 108. இரத்தக் கட்டியைக் கரைக்கும் ஊசியை நாலரை மணி நேரத்துக்குள் போட்டாக வேண்டும்.

அப்பாவுக்கு என் பெயரைச் சொல்ல வரவில்லை. ஆனால் கெட்ட வார்த்தை தெளிவாக வருகிறது, சாமி பாட்டும் வருகிறது. நடிக்கிறாரா?

1861-இல் பாரிசில் பால் புரோக்கா என்ற மருத்துவர் ஒரு நோயாளியைப் பார்த்தார். எதைக் கேட்டாலும் "டான், டான்" என்பதைத் தவிர வேறு சொல் இல்லை. கோபம் வந்தால் மட்டும் வசவு ஒன்று சுத்தமாக வரும். அந்த நோயாளி இறந்தபின் மூளையைப் பார்த்தபோது இடப்பக்க முன்பகுதியில் சிதைவு இருந்தது. அந்த இடத்துக்கு இன்றும் புரோக்காவின் பெயர்தான். உங்கள் அப்பா நடிக்கவில்லை. வசவு, ஒன்று இரண்டு மூன்று, மனப்பாடப் பாட்டு எல்லாம் யோசிக்காமல் உருண்டு வருபவை. பெயரைத் தேடி எடுக்க வேண்டியிருக்கிறது.

பாட்டை ஏணியாக வைத்துச் சொல்லை ஏற்றும் பயிற்சி 1970களில் அமெரிக்காவில் உருவானது. நாங்களும் அதை நம் ராகத்தில் செய்கிறோம். "தண்ணி வேணும்" என்பதைத் தாலாட்டு மாதிரி இழுத்து, இடது கையால் தொடையில் தட்டிச் சொல்ல வைப்போம். எல்லோருக்கும் பலிக்காது. பலிக்கிறவர் வீட்டில் அன்று இனிப்பு கொடுப்பார்கள்.

ஆமாம் என்கிறாரா இல்லை என்கிறாரா என்றே தெரியவில்லை. எப்படிப் பேசுவது?

நம் ஊர்த் தலையாட்டல் வெளியூர்க்காரருக்கே குழப்பம். அஃபேசியா உள்ளவர் "ஆமாம்" என்று நினைத்து "இல்லை" என்று சொல்லிவிடுவதும் உண்டு. அதனால் வாயையும் தலையையும் நம்பாமல் பொருளைக் காட்டுங்கள்.

ஆம்பூரில் மேஸ்திரியாக இருந்த ஒருவருக்கு எது கேட்டாலும் "சாவி" என்றே வந்துகொண்டிருந்தது. மகன்கள் மூவரும் ஆளுக்கொரு கேள்வியாக "காபியா? தண்ணியா? பாத்ரூமா? வலிக்கிறதா?" என்று அடுக்குவார்கள். அவர் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொள்வார். மனைவிக்கு ஒன்றைச் சொல்லிக்கொடுத்தேன். மறுவாரம் அவர் இடது கையில் காபி டம்ளர், வலது கையில் தண்ணீர்ச் செம்பு இரண்டையும் கணவரின் கண்ணுக்கு நேரே தூக்கிப் பிடித்தார். வாய் பேசவில்லை. மனதுக்குள் ஐந்து எண்ணினார், உதடு அசைந்தது எனக்குத் தெரிந்தது. மேஸ்திரி டம்ளரைத் தொட்டார். "சாவி" என்றார். மனைவி "காபி" என்று சொல்லிவிட்டு மறுபடியும் ஐந்து எண்ணினார். "கா…" என்று வந்தது. அந்த அம்மாள் டம்ளரைக் கொடுக்காமல் அழுதுகொண்டு நின்றதில் காபி ஆறிப்போனது வேறு கதை.

தண்ணீர் குடித்தால் புரையேறுகிறது. அதனால் தண்ணீரே அதிகமாகக் கொடுத்து இறக்கிவிடுகிறோம். சரியா?

ஆபத்து. புரையேறினால் யாரோ நினைக்கிறார்கள் என்று தலையில் தட்டுவது நம் வழக்கம். பக்கவாதக்காரருக்குப் புரையேறினால் தண்ணீர் மூச்சுக்குழாய்க்குள் இறங்குகிறது என்று பொருள். அது நிமோனியாவில் கொண்டுபோய் விடலாம். சிலருக்கு இருமல்கூட வராமல் சத்தமின்றி இறங்கும். சாப்பிட்டபின் குரல் நீர் கோத்ததுபோல ஒலித்தால் சந்தேகப்படுங்கள்.

விழுங்கும் பரிசோதனை முடியும்வரை மூக்குக் குழாயை நீங்களாகக் கழற்ற வேண்டாம். வாய்வழி கொடுக்கலாம் என்று சொன்னபிறகும் நிமிர்ந்து உட்காரவைத்து, சிறு கரண்டியில், ஒரு வாய் இறங்கியதைப் பார்த்துவிட்டு அடுத்த வாய். பலருக்கு நீர்த்த மோரைவிடக் கெட்டியான கூழ் பாதுகாப்பாக இறங்கும். எவ்வளவு கெட்டி என்பதைப் பரிசோதித்தவரிடம் கேளுங்கள். படுக்கவைத்து ஊட்டவே கூடாது.

தம்பிக்கு பைக் விபத்தில் தலையில் அடி. பேச்சு நன்றாகவே இருக்கிறது. ஆனால் ஆளே மாறிவிட்டான். இதற்கு ஏன் ஸ்பீச் தெரபி?

பக்கவாதம் மூளையின் ஓர் இடத்தைத் தாக்கும். வேகத்தில் விழும்போது மூளை முழுவதுமே குலுங்கும். அதனால் சொல் சரியாக வரும், சொன்ன இடம் தப்பாக இருக்கும். சாவு வீட்டில் கிண்டல் அடிப்பான், ஒரே கதையை நான்கு முறை சொல்வான், இரண்டு பேர் சேர்ந்து பேசினால் எரிந்து விழுவான். கவனமும் ஞாபகமும் திட்டமிடலும் பேச்சின் அடித்தளம். பயிற்சி அங்கே நடக்கிறது: நோட்டில் நாள்வேலை எழுதுவது, கைப்பேசியில் மணி வைப்பது, ஒருவர் முடித்தபின் மற்றவர் பேசுவது. "திமிர்" என்று பெயர் வைத்துவிட்ட வீட்டில் இது எதுவும் நடக்காது.

பக்கவாதத்துக்கு முன் கடையில் தமிழ் பேசியவர், இப்போது உருது மட்டும் பேசுகிறார். தமிழை வேண்டுமென்றே விட்டுவிட்டாரா?

பெரும்பாலும் இரண்டு மொழியும் சேர்ந்தே திரும்பும். சிலருக்கு ஒன்று முந்தும். எது முந்தும் என்று முன்கூட்டிச் சொல்ல முடியாது. வருகிற மொழியில் தொடங்குவோம், அதில் கிடைத்த பலன் மற்றதற்கும் கொஞ்சம் பாயும். தமிழும் ஆங்கிலமும் மட்டும் தெரிந்த பயிற்சியாளர் என்றால் வீட்டு மொழி தெரிந்தவர் ஒருவர் கூட இருக்க வேண்டும். பல மாநிலத்தார் வந்து குவியும் வேலூருக்கு இது புதிதில்லை.

பக்கவாதம் வந்து எட்டு மாதம் ஆகிவிட்டது. இனி வருவதெல்லாம் வந்ததுதான் என்கிறார்களே?

முதல் மூன்று முதல் ஆறு மாதத்தில் முன்னேற்றம் வேகமாக இருக்கும் என்பது சரி. அதன்பின் கதவு சாத்திவிடும் என்பது தவறு. ஆண்டுகள் கழித்தும் புதுச் சொற்கள் வருகின்றன, மெதுவாக. குடும்பத்தார் முதல் மூன்று மாதம் ஓடி ஓடிக் களைத்து, சரியாக எட்டாம் மாதத்தில் என்னிடம் இந்தக் கேள்வியைக் கேட்கிறார்கள். களைத்திருப்பது நீங்கள்தான் என்றால் அதையும் வெளிப்படையாகச் சொல்லுங்கள். பொறுப்பை இன்னொருவரோடு பகிர வழி பார்ப்போம்.

எங்கே போவது? எவ்வளவு செலவாகும்? யாரை நம்புவது?

அரசுப் பக்கம் அடுக்கம்பாறை மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் தொடங்கலாம். பிறந்தது முதல் 18 வயது வரை உள்ளவர்களுக்கு மாவட்டத் தொடக்கநிலை இடையீட்டுச் சேவை கட்டணமின்றி உண்டு. பள்ளி வயதென்றால் வட்டார வள மையத்தில் கேளுங்கள். தனியார் பக்கம் கிறித்துவ மருத்துவக் கல்லூரியில் காது மூக்குத் தொண்டைத் துறையோடு பேச்சு, கேட்பியல் பிரிவு இருக்கிறது. மூளைக்காயத்துக்குப் பிந்தைய மறுவாழ்வுக்குப் பாகாயத்தில் தனி நிலையமே இருக்கிறது. 1954-இல் கார் விபத்தில் இடுப்புக்குக் கீழே செயலிழந்து, சக்கர நாற்காலியில் அமர்ந்தே அறுவை செய்த மருத்துவர் மேரி வர்கீஸ் முன்னின்று, 1966-இல் தொடங்கியது அது.

தெருவோரப் பலகையை நம்பாதீர்கள். இந்திய மறுவாழ்வு மன்றத்தின் பதிவு எண்ணைக் கேளுங்கள். 'மூன்று மாதத்தில் பேச வைப்போம்' என்று எழுதிக் கொடுப்பவரிடமிருந்து எழுந்து வந்துவிடுங்கள். 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளை ஏற்கிறது. ஆட்டிசம் அதில் இருக்கிறது, பேச்சு மொழிக் குறைபாடும் இருக்கிறது, அஃபேசியாவை அது பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. எனவே அடையாள அட்டைக்கு விண்ணப்பிக்கலாம். ஆட்டிசம், பெருமூளை வாதம், அறிவுத்திறன் குறைபாடு உள்ளவர்களுக்கு மத்திய அரசின் நிராமயா மருத்துவக் காப்பீடு ஒரு லட்சம் ரூபாய் வரை உதவும். பயிற்சிக் கட்டணமும் அதில் அடங்கும்.

ஒடுகத்தூரிலிருந்து வாரம் இருமுறை வர முடியாது. வீட்டிலேயே செய்தால் போதாதா?

என் அறையில் நடப்பது முக்கால் மணி நேரம். மீதி வாரம் முழுவதும் உங்கள் வீட்டில்தான். மாதம் ஒருமுறை வந்து, செய்ததைக் கைப்பேசியில் படம் பிடித்துக் காட்டினால் நிறையப் பேருக்குப் போதும். விழுங்குவதில் சிக்கல் உள்ளவர் மட்டும் நேரில் வந்தே தீர வேண்டும். தனியாக நேரம் ஒதுக்க வேண்டாம். வெங்காயம் உரிக்கும்போது தோலை, காயை, கத்தியைச் சொல்லுங்கள். மாட்டுக்குத் தண்ணீர் வைக்கும்போது 'குடி' என்ற ஒரு சொல். சொல்லிவிட்டு ஐந்து எண்ணுவது மட்டும் தப்பக்கூடாது.

பயிற்சியை எப்போது நிறுத்துவது?

குழந்தை தன் வயதுப் பிள்ளைகளோடு சண்டை போட்டு ஜெயிக்கத் தொடங்கினால் நிறுத்தலாம் என்பேன், பாதி விளையாட்டாக. பெரியவர்களுக்கு அவரவர் வேலைதான் அளவு.

மேலே சொன்ன மேஸ்திரி பதினான்காம் மாதத்தில் தனியாகத் தெருமுனைக் கடைக்குப் போனார். மனைவி பின்னாலேயே போய் மின்கம்பத்துக்கு மறைவில் நின்றாராம். கடையில் கூட்டம். கடைக்காரர் அவர் வாயையே பார்த்துக்கொண்டு, மற்றவர்களைக் கையமர்த்திவிட்டு நின்றிருக்கிறார். "வெத்… வெத்தல" என்று வந்தது. பாக்குக்குச் சொல் கிடைக்கவில்லை, விரலால் காட்டி வாங்கிக்கொண்டார். சில்லறையில் இரண்டு ரூபாய் குறைந்ததையும் கேட்டு வாங்கினார். அடுத்த வாரத்திலிருந்து அவருக்கு இரண்டு மாதத்துக்கு ஒருமுறை வந்தால் போதும் என்று சீட்டில் எழுதிக் கொடுத்தேன்.